பாட்டில் பிறந்த உலகம்: டோல்கீனின் ‘ஐனுலின்டாலே’ சொல்வது என்ன?

‘லோர்ட் ஒஃப் த ரிங்ஸ்’ திரைப்படங்களைப் பார்த்தவர்களுக்கு அந்த மோதிரத்தைத் தெரியும். அதைச் செய்த சௌரோனைத் தெரியும். அதை எரிமலை வரை சுமந்து சென்ற ஃபுரோடோவையும் தெரியும். ஆனால் சௌரோனுக்கு மேலே ஓர் எஜமான் இருந்தான் என்பதும், அந்த எஜமான் செய்த முதற் குற்றம் ஒரு பாட்டைக் குழப்பியது என்பதும் படத்தோடு நின்றுவிட்ட பலருக்குத் தெரியாது.

அந்தப் பாட்டின் பெயர் ‘ஐனுலின்டாலே’. டோல்கீன் தன் கதைகளுக்காக உருவாக்கிய குவென்யா என்ற எல்ஃப் மொழியில் ‘ஐனுர்களின் இசை’ என்று பொருள். அவருடைய கற்பனை உலகில் மலைகளும் கடலும் மனிதரும் யுத்தங்களும் வருவதற்கு முன்பே இந்த இசை பாடப்பட்டுவிட்டது. பின்னர் அந்த உலகில் நடப்பவை பெரும்பாலும் இந்த இசையின் விரிவுதான். ஒரு சில பக்கங்களில் முடிந்துவிடும் இந்தப் படைப்புக் கதை, எழுதப்பட்டு ஒரு நூற்றாண்டு கடந்த பிறகும் இலக்கிய மாணவர்களையும் இறையியலாளர்களையும் இசையமைப்பாளர்களையும் தன் பக்கம் இழுத்துக்கொண்டே இருக்கிறது.

அதற்குக் காரணம் அதன் அழகு மட்டும் அல்ல. ஒரு நல்ல உலகத்துக்குள் கேடு எப்படி வந்தது, வந்த கேட்டை என்ன செய்வது என்ற மிகப் பழைய கேள்விக்கு இந்தக் கதை இசையின் மொழியில் ஒரு பதிலைத் தேடுகிறது. அதைத் தேடியவர் அப்போதுதான் யுத்தத்திலிருந்து திரும்பியிருந்த ஓர் இளைஞர்.

யுத்தத்துக்குப் பின் எழுதிய கதை

ஜே.ஆர்.ஆர். டோல்கீன் 1892ஆம் ஆண்டு தென்னாபிரிக்காவின் புளூம்ஃபொன்டைனில் பிறந்து இங்கிலாந்தில் வளர்ந்தவர். பேர்மிங்ஹாமில் பாடசாலையில் படித்த காலத்தில் அவருக்கு நெருக்கமான நண்பர் குழு ஒன்று இருந்தது. இலக்கியமும் கவிதையும் கதைத்துத் தேநீர் குடிக்கும் அந்தக் குழுவின் மையத்தில் நால்வர் இருந்தார்கள்: டோல்கீன், ரொப் கில்சன், ஜெஃப்ரி பாச் ஸ்மித், கிறிஸ்தோபர் வைஸ்மன். உலகத்துக்குத் தாங்கள் ஏதோ ஒன்றைச் சொல்லவேண்டியிருக்கிறது என்று அவர்கள் நம்பினார்கள்.

முதலாம் உலக யுத்தம் வந்தது. 1916 ஜூலை 1ஆம் திகதி, சோம் சமரின் முதல் நாளிலேயே கில்சன் கொல்லப்பட்டார். அதே ஆண்டு டிசம்பரில், எறிகணைச் சிதறல் பட்ட காயத்தால் ஸ்மித் இறந்தார். தான் இறக்க நேர்ந்தாலும் நண்பர்கள் எல்லோரும் கனவு கண்டதைச் சொல்ல ஒருவராவது எஞ்சியிருப்பார் என்ற பொருளில் ஸ்மித் அதற்கு முன்பே டோல்கீனுக்குக் கடிதம் எழுதியிருந்தார்.

டோல்கீனும் சோம் களத்தில் சமிக்ஞை அதிகாரியாகப் பணியாற்றினார். பேன்கள் பரப்பும் ‘பதுங்குகுழிக் காய்ச்சல்’ அவரைப் பிடித்தது. 1916 நவம்பரில் இங்கிலாந்துக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். நோயிலிருந்து தேறிக்கொண்டிருந்தபோதுதான் தன் கற்பனை உலகின் முதற் கதைகளை எழுதத் தொடங்கினார்.

‘ஐனுர்களின் இசை’யின் முதல் வடிவம் யுத்தம் முடிந்த பின்னர் ஒக்ஸ்ஃபோர்ட்டில் எழுதப்பட்டது. அப்போது அவருக்கு ஒக்ஸ்ஃபோர்ட் ஆங்கில அகராதியில் வேலை. ஆங்கிலத்தின் ‘டபிள்யூ’ எழுத்தில் தொடங்கும் சொற்களின் வேர்களைத் தேடுவது அவருடைய பணிகளில் ஒன்று. அந்த நாட்களில்தான் ஓர் உலகத்தின் வேரையும் அவர் எழுதினார். பின்னர் 1930களிலும் 1940களின் பிற்பகுதியிலும் அந்தக் கதையைத் திரும்பத் திரும்பத் திருத்தி எழுதினார். அது நூலாக வெளிவருவதைப் பார்க்க அவர் உயிரோடு இருக்கவில்லை. 1973இல் அவர் இறந்தார். மகன் கிறிஸ்தோபர் டோல்கீன் தொகுத்த ‘சில்மரிலியன்’ நூலின் முதற் பகுதியாக 1977இல் அது வெளியானது.

ஒரு கருப்பொருள், பல குரல்கள்

கதை இதுதான். ஆதியில் எரு என்ற ஒருவர் மட்டும் இருக்கிறார். இலூவத்தார் என்பதும் அவர் பெயரே. அவருடைய எண்ணங்களிலிருந்து ஐனுர் என்னும் தூயவர்கள் பிறக்கிறார்கள். அவர் அவர்களுக்கு இசையின் கருப்பொருள்களைக் கற்பிக்கிறார். தொடக்கத்தில் ஒவ்வொருவரும் தனியாகவோ ஒரு சிலர் சேர்ந்தோ பாடுகிறார்கள், மற்றவர்கள் கேட்கிறார்கள். ஏனென்றால் ஒவ்வொருவருக்கும் இலூவத்தாரின் மனதில் தான் எந்தப் பகுதியிலிருந்து வந்தாரோ அந்தப் பகுதி மட்டுமே விளங்கும். மற்றவரின் பாட்டைக் கேட்கக் கேட்கத்தான் மற்றவரை விளங்கிக்கொள்கிறார்கள். இணைந்து பாடும் திறன் அப்படித்தான் வளர்கிறது.

பிறகு ஒரு நாள் இலூவத்தார் எல்லோரையும் கூட்டி, இதுவரை சொல்லாத மாபெரும் கருப்பொருள் ஒன்றை முன்வைக்கிறார். இதைக் கொண்டு எல்லோரும் சேர்ந்து ஒரு பேரிசையை ஆக்குங்கள், ஒவ்வொருவரும் தன் எண்ணத்தாலும் திறமையாலும் அதை அழகுபடுத்துங்கள் என்கிறார்.

இங்கே கவனிக்கவேண்டிய விடயம் ஒன்று உண்டு. அவர் கையில் எழுதிய சுரக்குறிப்பு எதையும் கொடுக்கவில்லை. நம் இசை மரபில் இராகம் பொதுவாக இருக்க, ஆலாபனை பாடுபவரின் மனோதர்மத்துக்கு விடப்படுவதைப் போன்றது இது. எல்லை ஒன்று இருக்கிறது, எல்லைக்குள் சுதந்திரம் இருக்கிறது. அந்தச் சுதந்திரம் இல்லாவிட்டால் இந்தக் கதையில் அபசுரமும் இருந்திருக்காது, இசையும் இருந்திருக்காது.

யாழ்கள், குழல்கள், எக்காளங்கள், எண்ணற்ற பாடகர் குழுக்கள் போன்ற குரல்களில் ஐனுர் பாடத் தொடங்குகிறார்கள். இசை ஆழங்களையும் உயரங்களையும் தாண்டி வெறுமைக்குள் பாய்கிறது. வெறுமை வெறுமையாக இல்லாமல் போகிறது.

அபசுரம் எழுந்த விதம்

ஐனுர்களில் அதிக ஆற்றலும் அறிவும் பெற்றவன் மெல்கோர். மற்றவர்களுக்குக் கிடைத்த கொடைகள் எல்லாவற்றிலும் அவனுக்குப் பங்கு இருந்தது. ஆனால் தனக்கென்று சொந்தமாக எதையாவது படைக்கவேண்டும் என்ற தவிப்பு அவனுக்கு. படைக்கும் ஆற்றலின் மூலமான ‘அணையாச் சுடரை’த் தேடி வெறுமைக்குள் தனியாக அலைகிறான். அது கிடைக்கவில்லை, ஏனென்றால் அது இலூவத்தாரிடம் இருக்கிறது. தனியே அலைந்ததில் மற்றவர்களுடைய எண்ணங்களோடு ஒட்டாத எண்ணங்கள் அவனுக்குள் வளர்கின்றன. பேரிசை நடந்துகொண்டிருக்கும்போதே அவற்றை உள்ளே நெய்கிறான். தன் பங்கின் வலிமையையும் பெருமையையும் கூட்டிக்கொள்வதே அவன் நோக்கம்.

உடனே அவனைச் சுற்றி அபசுரம் எழுகிறது. அருகில் பாடிக்கொண்டிருந்தவர்களில் பலர் சோர்ந்து தடுமாறுகிறார்கள். சிலர் முதலில் தாங்கள் கொண்டிருந்த எண்ணத்தை விட்டு, அவனுடைய சுருதிக்கு மாறிவிடுகிறார்கள். கேடு எப்படிப் பரவுகிறது என்பதை டோல்கீன் இந்தச் சில வரிகளுக்குள் சொல்லிவிடுகிறார். ஒருவனின் சத்தம் பெரிதாகும்போது நல்லவர்களில் சிலர் குழம்பிப்போகிறார்கள், சிலர் அவனோடு சேர்ந்துவிடுகிறார்கள்.

இலூவத்தார் எழுகிறார். அவர் முகத்தில் புன்னகை. இடக்கையை உயர்த்த, முதல் இசையைப் போன்றும் அதிலிருந்து வேறாகவும் இரண்டாவது கருப்பொருள் பிறக்கிறது. மெல்கோரின் அபசுரம் அதோடு மோதுகிறது. யுத்தம் முன்னையதைவிடக் கடுமையாகிறது. பல ஐனுர் திகைத்துப் பாடுவதையே நிறுத்திவிடுகிறார்கள். மெல்கோரின் கை ஓங்குகிறது.

பின்னாளில் உலகின் காற்றுக்கு அதிபதியாகும் மான்வேதான் இந்த இரண்டாவது இசையின் முதன்மைக் கருவி. உயர்ந்தவனும் நல்லவனுமான அவன் முன்னின்ற இசையே தோற்றுப்போகிறது. வலிமையை வலிமையால் எதிர்கொண்டபோது சத்தம் கூடியதே தவிர வேறொன்றும் நடக்கவில்லை.

மூன்றாவது இசை

இப்போது இலூவத்தாரின் முகம் கடுமையாகிறது. அவர் வலக்கையை உயர்த்துகிறார். குழப்பத்தின் நடுவே மூன்றாவது கருப்பொருள் எழுகிறது. தொடக்கத்தில் அது மிக மென்மையானது, மெல்லிய ஒலிகளின் சிற்றலை போன்றது. ஆனால் அதை அணைக்க முடியவில்லை. அது மெல்ல மெல்ல வலிமையும் ஆழமும் பெறுகிறது.

ஒரே நேரத்தில் இரண்டு இசைகள் ஒலிப்பதாகத் தோன்றுகிறது. ஒன்று ஆழமானது, விரிந்தது, மெதுவானது. அதில் அளவிட முடியாத துயரம் கலந்திருக்கிறது. அதன் அழகு முதன்மையாக அந்தத் துயரத்திலிருந்துதான் வருகிறது என்கிறார் டோல்கீன். மற்றது உரத்தது, வீம்பானது. ஒரு சில சுரங்களையே பல எக்காளங்கள் சேர்ந்து திரும்பத் திரும்ப ஊதுவது போன்றது. அதிலும் ஓர் ஒற்றுமை உண்டு, ஆனால் அது எல்லோரும் ஒரே சத்தத்தை எழுப்பும் ஒற்றுமை.

இரண்டு ஒற்றுமைகளுக்கும் இடையிலான இந்த வேறுபாடுதான் கதையின் மிக நுட்பமான இடம். இணைந்து பாடுவது என்றால் வெவ்வேறு குரல்கள் வெவ்வேறாகவே இருந்து பொருந்துவது. மெல்கோரின் பக்கத்தில் அது இல்லை. புதிதாக எதையாவது படைக்கவேண்டும் என்று புறப்பட்டவன் கடைசியில் அதே நான்கு சுரங்களை உரக்க ஊதிக்கொண்டிருக்கிறான்.

அந்த உரத்த இசை மற்றதை மூழ்கடிக்கப் பார்க்கிறது. ஆனால் அதன் மிகப் பெரிய வெற்றி முழக்கங்களையே துயர இசை எடுத்துத் தன் கோலத்துக்குள் நெய்துகொள்கிறது. அபசுரம் அழிக்கப்படவில்லை. தடுக்கப்படவும் இல்லை. அது அதைவிடப் பெரிய ஒன்றின் பகுதியாக்கப்படுகிறது.

போராட்டத்தின் நடுவில் இலூவத்தார் மூன்றாவது முறையாக எழுகிறார். அவர் முகம் இப்போது பார்க்க அச்சம் தருவது. இரண்டு கைகளையும் உயர்த்துகிறார். பாதாளத்தைவிட ஆழமும் வானத்தைவிட உயரமும் கொண்ட ஒற்றை இசைவில் எல்லாம் நின்றுபோகிறது.

மனிதரும் எல்ஃப்களும் இந்த மூன்றாவது கருப்பொருளோடுதான் வருகிறார்கள். அவர்களை ஆக்குவதில் எந்த ஐனுருக்கும் பங்கில்லை. துயரம் கலந்த இசையிலிருந்துதான் மனிதர் வருகிறார்கள் என்பதை யுத்தம் பார்த்த ஒருவர் எழுதினார் என்பதை மறந்துவிட முடியாது.

பனிப்பூவும் முகிலும்

எந்த இசையும் தன்னிடமிருந்தே மூலம் பெறுகிறது, தன்னை மீறி அதை மாற்ற முயல்பவன் தான் நினைத்துப்பாராத அற்புதங்களுக்கே கருவியாவான் என்று இலூவத்தார் மெல்கோருக்குச் சொல்கிறார். மெல்கோர் வெட்கப்படுகிறான். வெட்கம் இரகசியக் கோபமாக மாறுகிறது.

இந்தக் கூற்றுக்கு டோல்கீன் தரும் உதாரணம் எளிமையானது. நீரை நேசிப்பவன் உல்மோ. அவனுடைய நீரைக் கெடுக்க மெல்கோர் கடுங்குளிரை நினைக்கிறான். நீர் அழியவில்லை, பனிப்பூக்கள் பிறக்கின்றன. மெல்கோர் கட்டுக்கடங்காத வெப்பத்தை நினைக்கிறான். நீர் வற்றிப்போகவில்லை, முகில்களும் மழையும் பிறக்கின்றன. முகில் நீரை மான்வேயின் காற்றுக்கு அருகில் கொண்டுபோகிறது. தான் தனியாக நினைத்ததைவிட நீர் அழகாகிவிட்டது என்று உல்மோவே வியக்கிறான்.

ஆனால் இது ஆறுதலா, அல்லது சாக்கா?

இந்த இடத்தில் வாசகர் ஒருவருக்கு நியாயமான கோபம் வரலாம். பனிப்பூ சரி. கொல்லப்பட்டவர்கள்? ஒரு பெரிய அழகுக்காக அவர்கள் தேவைப்பட்டார்கள் என்று சொல்வதா?

இந்தக் கேள்வி டோல்கீனுக்கு முன்பே இதே இசைச் சொல்லைக் கொண்டு கேட்கப்பட்டிருக்கிறது. 1880இல் முடிவடைந்த தஸ்தயேவ்ஸ்கியின் ‘கரமசோவ் சகோதரர்கள்’ நாவலில் இவான், உலகத்தின் இறுதி இசைவுக்கு விலையாக ஒரு குழந்தையின் கண்ணீர் கேட்கப்படுமானால் அந்த இசைவே தனக்கு வேண்டாம் என்று நுழைவுச்சீட்டைத் திருப்பிக் கொடுக்கிறான். அந்த மறுப்புக்கு ‘ஐனுலின்டாலே’ நேரடியான விடை எதையும் வைத்திருக்கவில்லை. ஆனால் அதைக் கவனமாக வாசித்தால் மூன்று விடயங்கள் தெரியும்.

முதலாவது, மெல்கோர் செய்தது சரி என்று கதை எங்குமே சொல்லவில்லை. அபசுரத்தைப் பெரிய இசை உள்வாங்கியது என்பது ஒன்று, அபசுரம் தேவைப்பட்டது என்பது இன்னொன்று. இலூவத்தாரின் முகம் புன்னகையிலிருந்து கடுமைக்கும், கடுமையிலிருந்து அச்சம் தரும் தோற்றத்துக்கும் மாறுவது அதனால்தான்.

இரண்டாவது, துயரம் எந்த இடத்திலும் மகிழ்ச்சியாக மாற்றப்படவில்லை. மூன்றாவது இசை வென்ற பிறகும் துயரமாகவே இருக்கிறது. வெற்றி முழக்கம் ஊதுவது எதிர்த்தரப்புத்தான்.

மூன்றாவது, இசையோடு எல்லாம் முடிந்துவிடவில்லை. டோல்கீன் தன் கதையில் செய்த மிக முக்கியமான மாற்றம் இதில்தான் இருக்கிறது. முதல் வடிவத்தில் இசை முடிந்ததும் உலகம் உண்மையாகவே உருவாகி நிற்கிறது. பின்னைய வடிவத்தில் இலூவத்தார் முதலில் ஒரு காட்சியை மட்டுமே காட்டுகிறார். அது மறைந்துபோகிறது. ஐனுர் தவிக்கிறார்கள். அதன் பிறகு ‘ஏயா’, அதாவது ‘இவை இருக்கட்டும்’ என்ற ஒரு சொல்லால் உலகத்துக்கு இருப்பு கொடுக்கப்படுகிறது. அதை நேசித்து உள்ளே இறங்கிய ஐனுர் திகைத்துப்போகிறார்கள். அங்கே எதுவுமே செய்யப்பட்டிருக்கவில்லை. தாங்கள் பாடியதை எல்லாம் இனிக் கைகளால் செய்யவேண்டும்.

அவர்கள் நிலத்தை எழுப்ப, மெல்கோர் இடிக்கிறான். பள்ளத்தாக்கைத் தோண்ட, நிரப்புகிறான். மலையைச் செதுக்க, தகர்க்கிறான். எதுவும் அவர்கள் முதலில் நினைத்தபடி அமையவில்லை. ஆனாலும் உலகம் மெல்ல மெல்ல உருப்பெறுகிறது. முடிவு நல்லதாக இருக்கும் என்று பாட்டில் கேட்டிருந்தாலும், வேலை அவர்களுக்குக் குறையவில்லை.

பாட்டின் ஊற்றுகள்

உலகம் இசையால் ஆனது என்ற எண்ணம் டோல்கீனுக்கு மட்டும் சொந்தமானதல்ல. கோள்களின் அசைவில் ஓர் இசை உண்டு என்ற கருத்தைப் பழைய கிரேக்கத்தின் பைதகரஸ் மரபு முன்வைத்தது. படைப்பின்போது விடிவெள்ளிகள் சேர்ந்து பாடியதாக விவிலியத்தின் யோபு நூல் சொல்கிறது. டோல்கீன் ஆழ்ந்த கத்தோலிக்கர், அந்த மரபை அறிந்தவர். இளவயதில் அவரைக் கவர்ந்த பின்லாந்தின் ‘கலேவலா’ காவியத்தில் வைனமொய்னன் பாட்டின் வலிமையாலேயே காரியங்களைச் செய்கிறான். டோல்கீனின் நண்பர் சி.எஸ். லூயிஸ் 1955இல் வெளியிட்ட சிறுவர் நாவல் ஒன்றிலும் அஸ்லான் என்ற சிங்கம் பாடியே நார்னியா உலகத்தைப் படைக்கிறது.

ஆனால் லூயிஸின் கதையில் பாடுவது ஒரு குரல். டோல்கீன் படைப்பைப் பல குரல்களுக்குப் பகிர்ந்து கொடுத்து, அந்தப் பகிர்வுக்குள்ளேயே தவறு நேரவும் இடம் விட்டிருக்கிறார். அவருடைய தனித்துவம் அங்கேதான்.

அந்த இசையைக் கேட்க முடியுமா?

ஐனுர்களின் இசை எப்படி ஒலிக்கும் என்பதற்கு டோல்கீன் சுரம் எதையும் எழுதி வைக்கவில்லை. 2022இல் தொடங்கிய ‘த ரிங்ஸ் ஒஃப் பவர்’ தொலைக்காட்சித் தொடரின் தொடக்கக் காட்சி அதை வேறு வழியில் தொட முயன்றது. ஹோவர்ட் ஷோரின் இசை ஒலிக்க, மணல் துகள்கள் தாமாகவே கூடிக் கோலங்களாகின்றன, பிறகு கலைகின்றன. இதற்குப் பின்னால் இருப்பது மந்திரம் அல்ல, பௌதிகம். மணல் தூவிய உலோகத் தகட்டை அதிரச் செய்தால், அதிர்வில்லாத கோடுகளில் மணல் சேர்ந்து வடிவங்களாகும். இதை ஜேர்மனிய அறிஞர் ஏர்ன்ஸ்ட் கிளாட்னி 1787இலேயே நூலாக வெளியிட்டார். ஒலி உருவத்தைப் பிறப்பிக்கும் என்பதைக் கண்ணால் காட்ட இதைவிட நல்ல வழி கிடைப்பது அரிது.

டோல்கீனின் உலகத்தில் வாழ்பவர்களுக்கு ஒரு வழி இருக்கிறது. பூமியில் உள்ள வேறு எதையும்விட நீரில்தான் அந்த இசையின் எதிரொலி அதிகமாக எஞ்சியிருக்கிறது. எல்ஃப்களும் மனிதரும் கடலின் ஓசையைக் கேட்டு ஒருபோதும் சலிப்பதில்லை, ஆனால் எதைக் கேட்கிறோம் என்பது அவர்களுக்குத் தெரிவதில்லை.

மனிதருக்கு இன்னொரு கொடையும் உண்டு. மற்ற எல்லாவற்றுக்கும் ஐனுர்களின் இசை விதியைப் போன்றது. மனிதர் மட்டும் அந்த இசைக்கு அப்பாலும் தங்கள் வாழ்வை வடிவமைத்துக்கொள்ளலாம். அதனால் அவர்கள் வழிதவறவும் கூடும். இலூவத்தார் அதை அறிந்தே கொடுக்கிறார்.

இசை அங்கேயும் முடியவில்லை. நாட்கள் எல்லாம் தீர்ந்த பிறகு இதைவிடப் பெரிய இசை ஒன்று பாடப்படும், அதில் ஐனுர்களோடு இலூவத்தாரின் பிள்ளைகளும் சேர்ந்து பாடுவார்கள் என்று கதை சொல்கிறது. அப்போது ஒவ்வொருவருக்கும் தன் பங்கும் மற்றவர் பங்கும் முழுமையாக விளங்கும். பாடும் கணத்திலேயே பாடியது உண்மையாகும். பாட்டுக்கும் உலகத்துக்கும் நடுவே இப்போதிருக்கும் நீண்ட உழைப்பும் இழப்பும் அன்று இருக்காது.

அந்த நாள் வரும்வரை, மெல்கோரின் எக்காளம் ஓங்கி ஒலிக்கும்போது என்ன செய்வது என்பதே எஞ்சும் கேள்வி. ஐனுர்களில் சிலர் அவனோடு சேர்ந்தார்கள். பலர் வாயை மூடிக்கொண்டார்கள். மூன்றாவது இசையோ மிக மெல்லிய குரலில், துயரத்தை மறைக்காமல், நிறுத்தாமல் ஒலித்தது. நண்பர்களைப் பறிகொடுத்துத் திரும்பிய ஓர் இளைஞர், அகராதி வேலைக்கு நடுவே இவ்வளவையும் எழுதிவைத்தார்.